ஞானதுரை அங்கிளின் சின்னக் கிண்ணங்கள்

ஞாயிறு, அக்டோபர் 5, 1997

காலையிலிருந்து தூறல். நியூ ஜெர்சியில் எங்கள் பார்சிப்பனி முழுக்க இலை உதிர்ந்து, ஈரத்தில் ஊறி, கார் வழுக்குகிறது. இன்று திருவிருந்து ஞாயிறு. வெள்ளைத் துணி இஸ்திரி, பாத்திரம் பாலிஷ், ஒயின் ஒரு பாட்டில், அப்பம். எல்லாம் ஒரு மணிக்குள் முடிந்தது. ஆறு வருஷமாக இது என் வேலை. அமெரிக்கச் சபை தன் கோயிலை மூன்று மணிக்கு மேல் நம் தமிழ்ச் சபைக்கு விடுகிறது, சாமான்கள் தருவதில்லை. அதனால் நம் வெள்ளிப் பாத்திரம் என் வீட்டு அலமாரியில் குடியிருக்கிறது. ஆராதனையில் பாஸ்டர் அப்பம் கொடுத்துக்கொண்டு முன்னால் போவார், நான் பாத்திரத்தோடு பின்னால். ஒருவர் குடித்ததும் விளிம்பைத் துடைத்து, கொஞ்சம் திருப்பி, அடுத்தவருக்கு.

புதுக் குடும்பம் ஒன்று வந்தது. ரெபேக்கா, வயது முப்பது இருக்கும், ஆஸ்பத்திரியில் நர்ஸ். கணவர் டேனியல், கம்ப்யூட்டர் வேலை. கையில் ஒரு வயதுப் பெண். நல்ல குரல் ரெபேக்காவுக்கு, கீர்த்தனையில் தனியாகக் கேட்டது.

காபி நேரத்தில் பிடித்துக்கொண்டேன். எந்த ஊர்? திருநெல்வேலிப் பக்கம். எந்த ஸ்கூல்? நான் படித்த அதே மிஷன் ஸ்கூல்! எனக்குத் தலைகால் புரியவில்லை. "அப்போ எந்தத் தெரு?" என்றேன். ஒரு வாய் காபி குடித்துவிட்டு, "ஓடைக்கரைத் தெருதான்க்கா" என்றாள். நான் உடனே அந்தப் பக்கம் போண்டா தின்றுகொண்டிருந்த சபைச் செயலாளர் ஞானதுரை அங்கிளைக் கூப்பிட்டு, "அங்கிள், இவ எங்க ஸ்கூலு! ஓடைக்கரைத் தெருவாம்!" என்று ஹால் முழுக்கக் கேட்கிற மாதிரி அறிவித்தேன். அவர் "அப்படியா, சந்தோஷம்" என்றார்.

மாதக் கடைசியில் சீர்திருத்தத் திருநாள். அந்தக் காலத்தில் சபை சீர்திருந்திய கதையைப் பதினைந்து நிமிஷம் நான் பேச வேண்டுமாம். சரி என்று சொல்லித் தொலைத்துவிட்டேன். அன்று விசேஷமாக இன்னொரு திருவிருந்தும் உண்டு.

ஊரிலிருந்து வந்தவளைப் பார்த்தது மனசுக்கு நன்றாக இருந்தது.

புதன், அக். 8

வெயில். ஆபீஸ் முடிந்து லைப்ரரி. மூன்று தடிப் புத்தகங்கள். ஜெ. (என் வீட்டுக்காரர் ஜெயசிங்) பார்த்துவிட்டு, "பி.எச்டி. பண்ணப் போறியா?" என்றார். பண்ணினால் என்ன?

பேச்சுக்குக் குறிப்பு:

— பழைய காலத்தில் அப்பம் ஜனங்களுக்கு, ஒயின் பாதிரியாருக்கு மட்டும். பாத்திரத்தைச் சாதாரண ஆள் தொடக் கூடாது. இது எனக்குத் தெரியவே தெரியாது.

— ஐரோப்பாவில் பொஹீமியா நாட்டுப் பாதிரியார் ஒருவரை எரித்தார்கள். அவருடைய ஆட்கள் பாத்திரம் எல்லாருக்கும் வேண்டும் என்று எழுந்தார்கள். கொடியிலேயே பாத்திரத்தை வரைந்துகொண்டு சண்டைக்குப் போனார்கள்.

— நூறு வருஷம் கழித்து ஜெர்மன் துறவி. ஞானஸ்நானம் வாங்கிய எல்லாரும் குருக்கள்தான் என்றார். பாத்திரத்தை ஜனங்களுக்குத் திருப்பிக் கொடுத்தார்கள்.

— (இது சொல்லலாமா?) அதே துறவி, குடியானவர்கள் எழும்பியபோது பிரபுக்கள் பக்கம் நின்றுவிட்டார். கோபம் கோபமாக வந்தது படிக்கும்போது.

பாத்திரம் கொடுக்காததற்கு அந்தக் காலத்துப் பண்டிதர்கள் எழுதி வைத்த காரணங்கள்தான் அருமை. சிந்திவிடுமாம். புளித்துவிடுமாம். ஆண்களின் தாடியில் ஒட்டிக்கொள்ளுமாம்! லைப்ரரியில் சத்தமாகச் சிரித்துவிட்டேன். பட்டியலின் பின்னால் போகிறபோக்கில் நிஜக் காரணம்: பாமரன் பாதிரியாருக்குச் சமமாகிவிடுவான்.

மறக்கக் கூடாதவை: பால், மகள் ப்ரியாவுக்கு ஸ்கூல் ஃபைல், கார் இன்ஸ்பெக்‌ஷன்.

ஞாயிறு, அக். 12

ஆராதனைக்குப் பிறகு கமிட்டி. ஒன்பது பேர். கிறிஸ்துமஸ் ஹால், ஹீட்டர், பாட்டுப் புத்தகம் ஜெராக்ஸ். ஒன்றேகால் மணி நேரம் ஜெராக்ஸ் மிஷினைப் பற்றி மட்டும்.

கடைசியில் ஞானதுரை அங்கிள் தொண்டையைச் செருமிக்கொண்டு, "ஒரு சின்ன விஷயம். ஒரே பாத்திரத்துல எல்லாரும் வாய் வைக்கிறது இந்த நாட்டுல சரிப்படாது. ஃப்ளூ சீசன் வேற. அமெரிக்கன் சர்ச்செஸ் நிறைய பேர் சின்ன பிளாஸ்டிக் கப்புக்கு மாறிட்டாங்க. திருநாள் அன்னைக்கே ஆரம்பிச்சிரலாமே" என்றார். எல்லாத் தலையும் ஆடியது. என் தலையும். ஆடியதோடு விட்டேனா? "கேட்டலாக்ல பார்த்து நானே ஆர்டர் பண்றேன் அங்கிள்" என்று கையைத் தூக்கினேன். துடைத்துத் திருப்பி, துடைத்துத் திருப்பி, எனக்கும் கை வலி மிச்சம் என்று நினைத்தேன்.

ஐநூறு கப் ஒரு பெட்டி. ஆர்டர் செய்தாயிற்று.

செவ்வாய், அக். 14

தூங்கப் போகும் முன் எழுதிவிடுகிறேன்.

ஏழு மணிக்குக் கிரேஸ் ஆன்ட்டி போன். ஞானதுரை அங்கிளின் மனைவி. தையல் மிஷின், கறிவேப்பிலைச் செடி, மருமகள் என்று சுற்றிவிட்டு, "நல்லவேளை கிருபா, நீ தெருவைக் கேட்டுச் சொன்னே. இல்லன்னா நமக்குத் தெரிஞ்சே இருக்காது" என்றார்.

"என்ன ஆன்ட்டி தெரிஞ்சிருக்காது?"

"அதான், அந்தப் புதுப் பிள்ள. ஓடைக்கரைத் தெருன்னா யாரு இருப்பான்னு உனக்குத் தெரியாதா? அன்னைக்கு எனக்கு முன்னாடி அவதான முழங்கால்ல நின்னா. அவ வாய் வச்ச பாத்திரத்த நீ அப்படியே எங்கிட்ட நீட்டினே. எனக்கு வீட்டுக்கு வந்தும் ஒரு மாதிரியாவே இருந்துச்சு. அதான் அங்கிள் யாருக்கும் மனசு நோகாம கப்புக்கு மாத்திட்டாவ. தங்கமான புத்தி அவியளுக்கு."

மனசு நோகாமலாம். தங்கமான புத்தியாம்.

என்ன சொன்னேன்? "அடுப்புல சாம்பார் ஆன்ட்டி" என்று வைத்துவிட்டேன். சாம்பார் நிஜமாகவே அடிப்பிடித்துப் போயிருந்தது.

சாதி. நியூ ஜெர்சியில், பாதி வெள்ளைக்காரன் ஊரில், வாடகைக் கோயிலில், முப்பத்தெட்டு குடும்பத்துக்குள் சாதி. ஆயிரம் மைல் இல்லை, எட்டாயிரம் மைல் பிளேனில் தூக்கி வந்திருக்கிறார்கள், ஊறுகாய் பாட்டிலோடு சேர்த்துச் சுற்றி. கஸ்டம்ஸில் யாரும் பிடிக்கவில்லை.

ஓடைக்கரைத் தெரு எனக்கும் தெரிந்ததுதான், ஸ்கூல் சந்தோஷத்தில் யோசிக்கவில்லை. துப்புக் கொடுத்தவள் நான்.

புதன், அக். 15

தூக்கமில்லை. ஆபீஸில் இரண்டு தப்பு, மேனேஜர் முறைத்தார்.

ஜெ.யிடம் சொன்னேன். தலையைக் குனிந்து சப்பாத்தியைப் பிய்த்துக்கொண்டே, "விடேன் கிருபா. சின்ன கப்புல குடிச்சா என்ன, பெரிய கப்புல குடிச்சா என்ன. இதைக் கிளப்பினா சபை ரெண்டா உடையும். இருக்கிறதே நாலு பேரு" என்றார்.

"உடையட்டும்!"

"அப்புறம் ப்ரியா எங்க தமிழ் பாட்டு பாடுவா?"

ப்ரியா மாடிப்படியில் உட்கார்ந்து எல்லாம் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். பதினைந்து வயது. தமிழ் புரியும், பதில் ஒன்றும் தமிழில் வராது. "தட்ஸ் ஸோ மெஸ்ட் அப்" என்றாள். எனக்கு ஒரு ஆள் கிடைத்தது என்று நினைத்தேன். அடுத்த நொடியே, "பட் மாம், வொய் டூ யூ ஆல்வேஸ் ஆஸ்க் பீப்பிள் வாட் ஸ்ட்ரீட்?" என்றாள்.

ஊரில் அப்படித்தான் கேட்போம், பழக்கம் என்றேன்.

"ஓகே, பட் வாட் டூ யூ டூ வித் தி ஆன்ஸர்?"

போய்ப் படி என்று கத்திவிட்டேன்.

யோசித்துப் பார்த்தால், ஒவ்வொருவரிடமும் கேட்டிருக்கிறேன். ஊர், தெரு, தாத்தா பேர், எந்த வாத்தியார் குடும்பம். மூன்று கேள்வியில் முடித்துவிடுவேன். பதில் "சரியாக" இருந்தால் ஒரு நிம்மதி வரும். அந்த நிம்மதிக்கு என்ன பேர் என்று இத்தனை வருஷம் நான் பார்க்கவில்லை. சீ.

சனி, அக். 18

குளிர் தொடங்கிவிட்டது. கோட்டுகளை இறக்கினேன்.

பாஸ்டரைப் பார்க்க ஒரு மணி நேர டிரைவ். படிக்கிற பிள்ளை, முப்பத்திரண்டு வயது, பாதிரியார்கள் படிக்கும் செமினரியில் இருந்துகொண்டு ஞாயிறு மட்டும் நமக்கு. நல்ல பையன் என்றுதான் நினைத்திருந்தேன். டீ கொடுத்தார். சொன்னேன், கிரேஸ் ஆன்ட்டி பேசியதை வரிக்கு வரி.

நெற்றியைத் தேய்த்தார். "இறையியல்படி பார்த்தா சின்னக் கிண்ணமும் செல்லும்க்கா. அதுல பிரச்சினை இல்ல."

"கிண்ணம் செல்லுமான்னு நான் கேக்கல பாஸ்டர். காரணம் செல்லுமா?"

"கமிட்டி தீர்மானம். மினிட்ஸ்ல சுகாதாரம்னுதான் இருக்கு. நீங்களும் ஒத்துக்கிட்டிருக்கீங்க."

"எனக்குத் தெரியாதே!"

"ஐக்கியம் முக்கியம்க்கா. மெதுவா மாத்தணும். நான் ஜெபிக்கிறேன்."

அவருடைய விசா பேப்பரில் கையெழுத்துப் போடுவது ஞானதுரை அங்கிள். தெரிந்துதான் போனேன். இருந்தாலும் எரிச்சலாக இருந்தது. ஒருவராவது "ஐயோ, இது அநியாயம்" என்று வாயைத் திறந்து சொன்னால் போதும் எனக்கு. ஒருத்தராவது! ஜெபிக்கிறாராம். நானும்தான் ஜெபிக்கிறேன், கார் ஸ்டியரிங்கைக் குத்திக்கொண்டே.

ஞாயிறு, அக். 19

இதைவிடக் கேவலம் இருக்காது என்று ஒவ்வொரு முறையும் நினைக்கிறேன். இருக்கிறது.

காபி நேரத்தில் ரெபேக்கா முகமெல்லாம் சிரிப்பாக ஓடி வந்தாள். "அக்கா, ஒரு விஷயம் தெரியுமா? செக்ரட்டரி அங்கிள் திருநாள் அன்னைக்கு என்னை அஞ்சு நிமிஷம் பேசச் சொல்லியிருக்காங்க! நர்ஸ்ங்கிறதால, சின்ன கப்பு ஏன் நல்லதுன்னு சபைக்கு விளக்கணுமாம். வந்து மூணு வாரம்கூட ஆகல, நம்மள நம்பி ஒரு பொறுப்பு கொடுக்கிறாங்க பாருங்க."

பக்கத்தில் டேனியல் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு பெருமையாக நின்றார்.

அந்தக் கிழவரின் மூளையை என்னவென்று சொல்வது! யாரைத் தள்ளி வைக்கிறாரோ அவள் வாயாலேயே அதற்குக் காரணம் சொல்லவைத்து, கைதட்டலும் வாங்கிக் கொடுக்கப் போகிறார். நாளைக்கு யாராவது கேட்டால், "ரெபேக்காதான் எடுத்துச் சொன்னா" என்பார்.

நான் என்ன செய்தேன்? "நல்லா பேசு" என்றேன். அங்கிள் தூரத்திலிருந்து என்னைப் பார்த்துத் தலையசைத்தார், ஏதோ நாங்கள் கூட்டாளிகள் மாதிரி. கூட்டாளிதானே.

செவ்வாய், அக். 21

அவளிடம் சொல்வதா, விடுவதா?

சொன்னால்: அழுவாள். சபையை விட்டே போகலாம். இந்தக் குளிர் நாட்டில் தமிழில் ஒரு பாட்டு, நாலு முகம் என்று தேடி வந்தவள். சொல்கிறவளும் யார்? தெரு கேட்டவள்.

சொல்லாவிட்டால்: அத்தனை பேர் முன்னால் அவள் நின்று பேசுவாள். முதல் வரிசையில் கிரேஸ் ஆன்ட்டி புன்னகையோடு உட்கார்ந்திருப்பார். என்றைக்காவது உண்மை தெரியவரும். தெரியாமல் இருக்காது, இந்தச் சபையில் ஒரு ரகசியமும் ஒரு சீசன் தாண்டாது. அன்றைக்கு, "கிருபா அக்காவுக்குத் தெரிஞ்சிருந்துச்சா?" என்று கேட்பாள்.

பேச்சு பாதி எழுதிவிட்டேன். தாடி விஷயம் முதலில்.

வியாழன், அக். 23

கப் பெட்டி வந்துவிட்டது. வாசலில் மழையில் நனைந்துகொண்டு கிடந்தது. எடுத்துப் பிரித்தேன். கட்டைவிரல் அளவுக்கு ஒவ்வொன்றும், இருமல் மருந்து கப் மாதிரி. ஐநூறு. ஓங்கி உதைத்தேன். ப்ரியா பொறுக்கிக் கொடுத்தாள்.

சனி, அக். 25

சொல்லிவிட்டேன்.

பதினொரு மணிக்கு அவர்கள் அபார்ட்மென்ட். டேனியல் லாண்டரிக்குப் போயிருந்தார். குழந்தை தூங்கிற்று. மேஜையில் அவள் எழுதிய பேச்சு, தமிழில், அடித்து அடித்துத் திருத்தி. "கிருமிகள் மூன்று வகை" என்று ஆரம்பம்.

எல்லாம் சொன்னேன். போன், கமிட்டி, பாஸ்டர். என் தலையாட்டலையும் மறைக்கவில்லை.

அவள் அழவில்லை. பேச்சுக் காகிதத்தை நாலாக மடித்தாள். "கப்பு விஷயம் எனக்குத் தெரியாதுக்கா. நிஜமாவே கிருமிக்குன்னுதான் நெனச்சேன்" என்றாள். "ஆனா அன்னைக்கு நீங்க தெருப் பேரு கேட்டீங்கல்ல, அப்பவே பக்கத்துத் தெருப் பேரைச் சொல்லிரலாமான்னு நெனச்சேன். டெல்லியில வேலை பாத்தப்போ சொல்லியிருக்கேன். நீங்க அவ்ளோ சந்தோஷமா கேட்டீங்களா, பொய் சொல்ல மனசு வரல."

மன்னிச்சிரு என்றேன். அவள், "எங்க அப்பா கோயில்ல கடைசி வரிசைலதான் உக்காருவார். யாரும் இப்ப சொல்லவேண்டியதில்ல, அவரே போய் உக்காந்துப்பார். அதைப் பாக்கக் கூடாதுன்னுதான் நான் நர்சிங் எடுத்தேன், கடல் தாண்டினேன்" என்றாள்.

"நாளைக்கு வா. கப் பெட்டி என் வீட்ல இருக்கு. நான் கொண்டுவர மாட்டேன். பாத்திரம் மட்டும்தான் வரும். குடிக்கிறவங்க குடிக்கட்டும், மாட்டாதவங்க உக்காந்திருக்கட்டும். யாரு என்னன்னு ஊருக்கே தெரியட்டும். நீ முதல் ஆளா வந்து நில்லு" என்றேன். வீரமாகத்தான் சொன்னேன்.

"பாக்கிறேன்க்கா" என்றாள். வாசல் வரை வந்து, என் ஸ்கார்ஃபை எடுத்துக் கொடுத்தாள்.

வீட்டுக்கு வந்து ஜெ.யிடம், "பெட்டியைத் தொட்டா கையை ஒடிச்சிருவேன்" என்றேன். பேஸ்மென்டில் பூட்டியாயிற்று. சண்டைக்குத் தயார். ஞானதுரை அங்கிள் என்ன சொல்வார், நான் என்ன சொல்வேன் என்று கேள்வி பதிலாக ஒத்திகை.

ஞாயிறு, அக். 26. சீர்திருத்தத் திருநாள்

வெயில், நல்ல காற்று. பாத்திரம், துணி, ஒயின், அப்பம். பெட்டி இல்லை.

இரண்டு மணிக்குக் கிளம்பும்போது போன். ரெபேக்கா.

"அக்கா, நாங்க மதியம் வரல. காலையிலயே இங்கிலீஷ் ஆராதனைக்குப் போயிட்டோம், அதே கோயிலுக்கு. அங்க ஒரே பாத்திரம்தான். குடிச்சோம்."

"ரெபேக்கா, நீ வராட்டா எப்படி..."

"பக்கத்துல ஒரு வயசான அம்மா, எந்த ஊருன்னு கேட்டாங்க. இந்தியான்னேன். ஓ நைஸ்னு சொல்லிட்டு பாட்டுப் புத்தகத்தை நீட்டினாங்க. அவ்ளோதான்க்கா." பிறகு, "உங்க மேல கோவம் இல்ல. ஆனா நீங்க ஜெயிக்கிறதுக்கு நான் வந்து அங்க முழங்கால்ல நிக்க முடியாது" என்றாள்.

உறைத்தது.

போனேன். அங்கிள் வேஷ்டி சட்டையில் வாசலில் நின்றார். மேஜையைப் பார்த்தார். "கப்பு எங்கம்மா?"

"கொண்டுவரல."

ஒத்திகை பார்த்ததெல்லாம் நாக்கு நுனியில் இருந்தது. அவர் என்னைப் பார்க்கவில்லை. திரும்பி வரிசைகளை ஒரு நோட்டம் விட்டார், முன்னாலிருந்து பின்னால் வரை. "அந்த நர்ஸ் பிள்ளை வரலியா?"

"வரல."

"அப்ப சரி. இன்னைக்குப் பழையபடியே நடக்கட்டும்" என்றார். தோளில் தட்டிவிட்டுப் போனார். அவ்வளவுதான். ஃப்ளூ எங்கே போயிற்று, கிருமி எங்கே போயிற்று? ஒரு நொடியில் ஊரே சுகமாகிவிட்டது!

பேசினேன். தாடிக்குச் சிரித்தார்கள். கொடியில் பாத்திரம் வரைந்ததற்கு ஆமென் சொன்னார்கள். "நமக்குத் தாடி இல்லை, வேறு காரணம் இருக்கிறது" என்றேன். அதற்கும் சிரித்தார்கள். பெயர் சொல்லிப் பேச எனக்குத் தைரியம் வரவில்லை. "நல்ல மெசேஜ்" என்றார் பாஸ்டர்.

திருவிருந்து. ஒருவர் மிச்சமில்லாமல் வந்தார்கள், ஜெ. உட்பட. துடைத்துத் திருப்பி, துடைத்துத் திருப்பி. கிரேஸ் ஆன்ட்டி இரண்டு கையாலும் பாத்திரத்தைப் பிடித்து, கண்ணை மூடி, நன்றாகக் குடித்தார். ஞானதுரை அங்கிளும். என் கையால்தான் கொடுத்தேன்.

கடைசியில் எனக்கு. பாஸ்டர் பாத்திரத்தை வாங்கி என் பக்கம் நீட்டினார். "அக்கா, நீங்க."

நான் கையை நீட்டவில்லை.

"எடும்மா, நேரமாகுது" என்றார் அங்கிள் முதல் வரிசையிலிருந்து.

"ரெபேக்கா சாதிக்காகத்தான அங்கிள் கப்பு வாங்கச் சொன்னீங்க? அவ குடிச்ச பாத்திரத்துல உங்களால குடிக்க முடியல. நீங்க குடிச்சதுல என்னால குடிக்க முடியல."

மைக் இல்லாமலே கடைசி வரிசை வரை கேட்டிருக்கும். கிரேஸ் ஆன்ட்டி வாயைப் பொத்திக்கொண்டார். ஜெ. தரையைப் பார்த்தார். பாஸ்டர் பாத்திரத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையில் பிடித்துக்கொண்டே நின்றார்.